உருவற்ற உழைப்பு: லவ்கிராஃப்டின் ‘ஷொகொத்து’ பற்றிச் சில சிந்தனைகள்

யதார்த்தவாதத்தையே இலக்கியத்தின் உரைகல்லாகக் கொண்டு வளர்ந்த நமது முற்போக்கு விமர்சனம், அதீத கற்பனை இலக்கியத்தை ஏறெடுத்துப் பார்த்தது குறைவு. பேய்க்கதை, வேற்றுக்கிரகக் கதை, கடலடி நகரக் கதை என்பனவெல்லாம் மலிவுச் சஞ்சிகைகளின் சரக்கு என்றும், மக்களை நிஜ வாழ்விலிருந்து திசைதிருப்பும் போதை என்றும் ஒதுக்கப்பட்டன. இவ்வொதுக்கலுக்கு நியாயம் இல்லாமலில்லை. நாவல் நம்மிடையே வேரூன்றிய காலத்தில் மர்மமும் மாயமும் விற்பனைப் பண்டங்களாகவே வந்து குவிந்தன. சாதியையும் வறுமையையும் எழுத முன்வந்தோர் அவற்றை எதிர்த்தே தமக்கு இடம்பிடிக்க வேண்டியிருந்தது. ஆயினும் ஒரு காலத்தின் போர்த்தந்திரம் எக்காலத்துக்கும் உரிய கோட்பாடாக இறுகிவிடலாகாது. மார்க்சிய அழகியலின் முன்னோடிகளுள் ஒருவராக நாம் போற்றும் கிறிஸ்தோபர் கோட்வெல், 1937 பெப்ரவரியில் ஸ்பானிய யுத்தகளத்தில் மடிவதற்கு முன், தமது இயற்பெயரில் துப்பறியும் நாவல்கள் பலவற்றை எழுதிச் சீவித்தவர் என்பதை நாம் வசதியாக மறந்துவிடுகிறோம்.

கோட்வெல் மடிந்த மறுமாதம், 1937 மார்ச் 15 ஆம் திகதி, அமெரிக்காவின் றோட் ஐலன்ட் மாநிலத்துப் புறொவிடென்ஸ் நகரில் இன்னோர் எழுத்தாளர் வறுமையில் இறந்தார். அவர் பெயர் ஹவார்ட் பிலிப்ஸ் லவ்கிராஃப்ட். அரசியலில் கோட்வெல்லுக்கு நேரெதிர்த் துருவத்தில் நின்றவர். கறுப்பினத்தவரையும் குடியேறிய தொழிலாளரையும் பற்றி வாசிக்கக் கூசும் சொற்களைத் தம் கடிதங்களிற் கொட்டியவர். அவர் 1931 பெப்ரவரி, மார்ச் மாதங்களில் எழுதிய ‘பித்தின் மலைகளில்’ என்னும் குறுநாவலில் ஒரு விசித்திரமான பொருளைப் படைத்தார். எந்த உருவையும் எடுக்கவல்ல, தனக்கென எந்த உருவும் இல்லாத அப்பொருளுக்கு அவர் இட்ட பெயர் ‘ஷொகொத்து’. இக்கற்பனைப் பொருளையும், அது தாங்கி நிற்கும் கற்பனை நாகரிகத்தையும் ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம். உழைப்பை வெறுத்த ஒரு வர்க்கத்தின் கனவு, உழைப்பைப் பற்றிய சில உண்மைகளைத் தன்னை அறியாமலே பேசிவிடுகிறது என்பது நமது எடுகோள்.

கதையைச் சுருக்கமாக நோக்குவோம். 1930 ஆம் ஆண்டு, கற்பனையான மிஸ்கற்றோனிக் பல்கலைக்கழகத்திலிருந்து ஓர் ஆய்வுக்குழு அந்தாட்டிக்காவுக்குச் செல்கிறது. பனிக்கடியிலுள்ள குகையொன்றில், பீப்பாய் போன்ற உடலும் நட்சத்திர வடிவான தலையும் கொண்ட தொல்லுயிர்களின் உடல்கள் பதினான்கு கண்டெடுக்கப்படுகின்றன. சில மணி நேரத்துள் அவற்றைக் கண்டெடுத்த முகாம் அழிகிறது. புவிச்சரிதவியற் பேராசிரியர் டையர், டான்ஃபோர்த் என்ற மாணவனுடன் விமானத்தில் மலைத்தொடரைக் கடந்து, பனியில் உறைந்த மாபெரும் கல் நகரொன்றைக் காண்கிறார். அதன் சுவர்களிற் செதுக்கப்பட்ட சிற்பத் தொடர்களை வாசித்தே அந்நகரை எழுப்பியோரின் வரலாற்றை அவர் அறிகிறார். அவர்களை நாம் ‘மூத்தோர்’ என்றே குறிப்பிடுவோம்.

மூத்தோர், பூமி உயிரற்றிருந்த காலத்தில் விண்ணிலிருந்து வந்திறங்கியவர்கள். முதலில் உணவுக்காகச் சிற்றுயிர்களை ஆக்கினர். அடுத்து, பல கலங்கள் சேர்ந்த உயிர்க்கூழ்த் திரள்களை ஆக்கினர். மனோவசியத்தால் ஏவப்படும்போது இத்திரள் தன் தசையைத் தேவையான தற்காலிக உறுப்புகளாக வனைந்துகொள்ளும்: தூக்க வேண்டுமாயிற் கை, நோக்க வேண்டுமாயிற் கண். வேலை முடிந்ததும் உறுப்பு மீண்டும் கூழிற் கரைந்துவிடும். இதுவே ஷொகொத்து. கடலடி நகரங்களின் பாறைகளைச் சுமந்தவையும் அடுக்கியவையும் இவையே. மூத்தோரின் கலை, விஞ்ஞானம், ஓய்வு யாவும் இந்த உருவற்ற முதுகின்மேல் எழுந்தவை.

இப்பொருள் லவ்கிராஃப்டின் மூளையில் வெறுமையிலிருந்து முளைத்ததன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டு விஞ்ஞானத்தின் பெருங்கவர்ச்சிகளுள் ஒன்று புரொட்டோபிளாசம் எனப்படும் உயிர்க்கூழ். சகல உயிர்களுக்கும் அடிப்படையான பௌதிகப் பொருள் ஒன்றே என்னும் கருத்தை ஹக்ஸ்லி 1868 இல் பிரசித்தப்படுத்தினார். அதே ஆண்டில், அத்திலாந்திக் ஆழ்கடற் சேற்று மாதிரியிலே தாம் கண்ட கூழ்மத்தை ஆதி உயிர்ப்பொருள் என அறிவித்து, ஜெர்மானிய உயிரியலாளர் ஹெக்கலின் பெயரையும் சேர்த்து ‘பதீபியஸ் ஹெக்கலி’ எனப் பெயரிட்டார். கடலடி முழுவதும் உயிருள்ள கூழொன்று படர்ந்திருக்கிறது என்று சில காலம் அறிவுலகம் நம்பிற்று. 1872 இற் புறப்பட்ட சலஞ்சர் கப்பலின் ஆய்வாளர்கள் அது உயிரன்று, மாதிரியைப் பாதுகாக்க ஊற்றிய மதுசாரத்தால் கடல்நீரிலிருந்து படிந்த கல்சியம் சல்பேற்றே என்று காட்டினர். ஹக்ஸ்லியும் 1875 இல் தம் கருத்தை மீளப்பெற்றார். விஞ்ஞானம் கைவிட்ட கூழைக் கற்பனை கைவிடவில்லை. ஹெக்கலை விரும்பிப் படித்த சடவாதியான லவ்கிராஃப்ட், கடலடியிற் படர்ந்த அக்கூழுக்கு ஒரு வேலையைக் கொடுத்தார். இதுவே அவரது சேர்க்கை. இதுவே நமக்கு முக்கியமானது. ஹக்ஸ்லியின் கூழ் சும்மா கிடந்தது. லவ்கிராஃப்டின் கூழ் உழைக்கிறது.

உழைக்கும் கூழ் என்னும் படிமம் மார்க்சைப் பயின்றோருக்குப் புதிதன்று. 1867 இல் வெளிவந்த ‘மூலதனம்’ முதற் பாகத்தின் முதல் அத்தியாயத்தில், பண்டங்களின் பயன்மதிப்பைக் களைந்துவிட்டால் எஞ்சுவது யாது என்று வினவும் மார்க்ஸ், வேறுபாடற்ற மனித உழைப்பைக் குறிக்கக் ‘கலர்ற்ற’ என்ற ஜெர்மன் சொல்லை ஆளுகிறார். 1887 இன் ஆங்கில மொழிபெயர்ப்பு அதனை ‘உறைவு’ என்ற பொருள்படும் வறண்ட சொல்லால் பெயர்த்தது. ஆனால் மூலச்சொல் சமையலறைச் சொல். ஆட்டெலும்பை நெடுநேரம் அவித்து ஆறவிட்டால் இறுகும் கூழ் உண்டல்லவா, அதுதான் ‘கலர்ற்ற’. அக்கூழில் எது கால், எது முதுகு என்று பிரித்தறிய முடியாது. தச்சரின் உழைப்பும் நெசவாளரின் உழைப்பும் சந்தையிற் சமன்படுத்தப்படும்போது நிகழ்வது இத்தகைய அவியல்தான் என்பது மார்க்சின் கசப்பான நகைச்சுவை. எந்தத் தொழிலையும் செய்யவல்ல, எந்தத் தொழிலும் தனதல்லாத ‘அருவ உழைப்பு’ மூலதன யுகத்துக்கே சிறப்பாக உரியது.

ஷொகொத்து இவ்வருவ உழைப்பு உடலெடுத்த வடிவம் எனலாம். லவ்கிராஃப்ட் மார்க்சின் இச்சொல்லை அறிந்திருந்தார் என்று நாம் சொல்லவில்லை, அது தேவையுமில்லை. ஆலை முதலாளித்துவத்தின் அன்றாட மொழியே இப்படிமத்தைச் சுமந்திருந்தது. ஆங்கில ஆலைப் பேச்சில் தொழிலாளிக்கு வழங்கிய பெயர் ‘கை’. இத்தனை மனிதர் அல்லர், இத்தனை கைகள். டிக்கன்ஸ் 1854 இல் ‘கடின காலங்கள்’ நாவலில் இவ்வழக்கை எள்ளியிருக்கிறார். மனிதனிலிருந்து கை மட்டும் தேவைப்படும்போது முளைத்து, மாலை மணி அடித்ததும் மறைந்துவிட வேண்டும் என்பது ஆலை முதலாளியின் உள்ளார்ந்த ஆசை. நமது மலைநாட்டுத் தோட்டங்களிலும் வேலைக்குக் கொடுக்கும் ஊதியத்தின் பெயராகிய ‘கூலி’, வேலை செய்யும் மனிதனின் பெயராக மாறியதைக் கண்டோம். உறுப்பால் மனிதனைச் சுட்டுவதும் ஊதியத்தால் மனிதனைச் சுட்டுவதும் ஒரே இலக்கணத்தின் இரு விதிகள். லவ்கிராஃப்ட் அவ்விலக்கணத்துக்கு ஓர் உடலியலை வகுத்தார்.

புறொவிடென்ஸ் இவ்விலக்கணம் நன்கு பயின்ற நகரம். பதினெட்டாம் நூற்றாண்டில் அமெரிக்க அடிமை வாணிகத்தில் றோட் ஐலன்ட் வணிகரின் கப்பல்கள் முதன்மைப் பங்கு வகித்தன. அந்நகருக்கு அண்மையிலுள்ள போற்றக்கெற்றில் 1790 இல் அமெரிக்காவின் முதலாவது நீர்விசைப் பருத்தி நூற்பு இயங்கத் தொடங்கிற்று. அடிமை உழைப்பும் ஆலை உழைப்பும் ஒரு மாவட்டத்துக்குள்ளேயே கைமாறிக்கொண்ட நிலம் அது. லவ்கிராஃப்டின் தாய்வழிப் பாட்டனார் செல்வர். தொழில் நொடித்த நிலையில் 1904 இல் அவர் இறக்க, குடும்பம் மாளிகையை இழந்தது. பின்னர் பிறரது எழுத்தைத் திருத்திக் கொடுத்து அற்ப ஊதியம் பெற்று வாழ்ந்த பேரன், தன்னை என்றும் பதினெட்டாம் நூற்றாண்டுச் சீமானாகவே கருதினார். 1924 முதல் 1926 வரை நியூயோர்க் நகரில் அவர் வாழ்ந்த காலம் தீர்க்கமானது. தென் ஐரோப்பியரதும் கிழக்கு ஐரோப்பியரதும் வருகையைக் கட்டுப்படுத்திய குடிவரவுச் சட்டம் 1924 இலேயே நிறைவேறியது. புறூக்ளினின் தெருக்களில் அவர் கண்ட பன்மொழிக் கூட்டம் அவருக்கு முகங்களாகத் தெரியவில்லை. குழைந்து வழியும் ஒரு திரளாகவே தெரிந்தது. 1925 இல் அவர் எழுதிய ‘ரெட் ஹூக்கின் பயங்கரம்’ அவ்வெறுப்பின் நேரடிப் பதிவு. கதையாக அது தோல்வி. ஆறு ஆண்டுகளின் பின் அதே வெறுப்பு அந்தாட்டிக்காவுக்கு இடம்பெயர்ந்து, இனத்தின் பெயரை உதிர்த்துவிட்டு, ஒரு பொருளாக மாறியபோதுதான் கலையாயிற்று.

ஆனால் ஷொகொத்து என்பது குடியேறிகளின் குறியீடு என்றோ, நீக்ரோ அடிமைகளின் குறியீடு என்றோ சமன்பாடு எழுதி முடித்துவிடுவது கொச்சைச் சமூகவியலாகும். குறியீட்டைப் பெயர்த்துவிட்டால் கதை முடிந்தது என்று எண்ணும் விமர்சகர் கதையை வாசிப்பதில்லை. ஷொகொத்துக்கு ஒரு வரலாறு உண்டு. அவ்வரலாறு எவ்வாறு இயங்குகிறது என்பதே நோக்கற்பாலது.

முதலாவதாக, மூத்தோர் இயந்திரத்தை அறியாதவர்கள் அல்லர். வேறு கிரகங்களில் இயந்திரமயமான வாழ்வைக் கடந்தே வந்தனர். அது உணர்வுக்கு நிறைவு தராமையால் அதைக் கைவிட்டனர் என்கிறார் லவ்கிராஃப்ட். ஆலைப்புகையை வெறுத்த சீமானின் ஏக்கம் இது. ஆனால் கதையின் தருக்கம் வேறொன்றைச் சொல்கிறது. பாறையைத் தூக்க மனோவசியத்துக்குப் பணியும் கூழ் கைவசம் இருக்கும்போது, பாரந்தூக்கியை எவரேனும் ஏன் ஆக்க வேண்டும்? இங்கிலாந்தில் கால்வாய்ப் படகுகளை இழுக்கக் குதிரைகளைவிடப் பெண்கள் மலிவாக இருந்தமையால் அவர்களே பூட்டப்பட்டனர் என்று மார்க்ஸ் ‘மூலதன’த்தில் எடுத்துக்காட்டுகிறார். உழைப்பு மலிவாகும் இடத்தில் இயந்திரம் பின்வாங்கும். மூத்தோரின் அழகியல் ரசனைக்குப் பின்னால் நிற்பது இந்தக் கணக்கே.

இரண்டாவது, மூத்தோரின் ஆட்சிமுறை பற்றிய ஒரு குறிப்பு. சிற்பங்களிலிருந்து உறுதியாகச் சொல்ல முடியாவிடினும், அவர்களது அரசாங்கம் சிக்கலானது என்றும், பெரும்பாலும் சோசலிசத் தன்மையானது என்றும் டையர் கருதுகிறார். மூத்தோர் ஒருவருக்கொருவர் சமம். ஷொகொத்து அக்கணக்கிற் சேராது. ஹெலொட் என்னும் அடிமை மக்களின் உழைப்பின்மேற் சமத்துவம் பேசிய ஸ்பார்ட்டா நினைவுக்கு வருகிறது. அங்கு ஆண்டுதோறும் பதவியேற்கும் எபோர்கள் அம்மக்கள்மீது போர்ப் பிரகடனம் செய்வது வழக்கம் என்று புளூட்டார்க் எழுதியிருக்கிறார். லவ்கிராஃப்ட் 1930 களில் ரூஸ்வெல்ற்றின் புதிய திட்டத்தை ஆதரித்து, பொருளாதாரத்தில் ஒருவகைச் சோசலிசத்தை ஏற்றவர். ஆனால் ஆட்சி பண்பட்ட சிலரின் கையிலேயே இருக்க வேண்டும் என்ற எண்ணத்தை அவர் இறுதிவரை விடவில்லை. அவரது இடதுசாரித் திருப்பத்தை மெச்சுவோர் இந்த ஒரு குறிப்பைத் திரும்பத் திரும்ப வாசிக்க வேண்டும். யார் சமூகத்தின் உறுப்பினர் என்ற கேள்வியைத் தீர்க்காத சோசலிசம் எவ்வளவு எளிதாக ஷொகொத்துகளைச் சகித்துக்கொள்ளும் என்பதற்கு இது சான்று.

மூன்றாவதே மிக முக்கியமானது. பொருள் மாறுகிறது. உறுப்புகளைத் தற்காலிகமாகவே வனைய வேண்டிய திரள், ஏவல் இல்லாமலும் சில வேளை வனையத் தொடங்குகிறது, பிளவுற்றுப் பெருகுகிறது, ஓரளவு நிலையான மூளையையும் பிடிவாதமான சித்தத்தையும் பெறுகிறது. இங்கே லவ்கிராஃப்டுக்குத் தாம் எழுதுவது யாதென்று தெரிந்ததோ என ஐயுற வேண்டியுள்ளது. மூளை எங்கிருந்து வந்தது? எஜமானர் அதைக் கொடுக்கவில்லை. கோடிக்கணக்கான ஆண்டுகள் கைகளை வனைந்ததன் விளைவாகவே அது தோன்றுகிறது. உழைப்பே குரங்கை மனிதனாக்கியது, கை உழைப்பின் கருவி மட்டுமன்று, உழைப்பின் விளைபொருளுமாகும் என்னும் ஏங்கல்சின் கருத்தை, ஏங்கல்சை நிச்சயமாக வெறுத்திருக்கக்கூடிய ஒருவர், தம் பயங்கரக் கனவாக எழுதியிருக்கிறார். எஜமானரின் பார்வையில் இது விபத்து. உழைப்பின் பார்வையில் இது வரலாறு.

பின்னர் கிளர்ச்சி வருகிறது. பேர்மியன் காலத்தின் நடுப்பகுதியில், ஏறத்தாழ 150 மில்லியன் ஆண்டுகளுக்கு முன் என்று கதை சொல்கிறது. (இன்றைய புவிச்சரிதவியல் அக்காலத்தை 299 முதல் 252 மில்லியன் ஆண்டுகளுக்கு முற்பட்டதாகக் கணிக்கிறது, 1931 இன் அறிவு அவ்வளவே.) மூத்தோர் மூலக்கூறுகளைக் குலைக்கும் ஆயுதங்களால் அதை அடக்கினர். அடக்கப்பட்ட ஷொகொத்துகள், அமெரிக்க மேற்குப் புலத்தின் காட்டுக் குதிரைகளை மாட்டிடையர் வழிக்குக் கொண்டுவந்தது போல வழிக்குக் கொண்டுவரப்பட்டன என்பது டையர் காட்டும் உவமை. அந்தாட்டிக்காவின் கற்பாறையிலும் அமெரிக்கா தன் எல்லைப்புற வரலாற்றையே வாசிக்கிறது. அழித்துவிட்டு வேறொன்றை ஆக்கினால் என்ன என்ற கேள்வி எழலாம். முடியாது: உயிரற்ற சடத்திலிருந்து புதிய உயிரை ஆக்கும் கலையை மூத்தோர் காலப்போக்கில் மறந்துவிட்டனர். இருக்கும் அடிமையை வைத்துக்கொள்வதைத் தவிர அவர்களுக்கு வழியில்லை. எஜமானர் அடிமையிற் தங்கியிருத்தல் என்ற ஹெகலின் புகழ்பெற்ற முரண்பாடு இங்கே வெறும் தொழில்நுட்பப் பிரச்சினையாக முகங்காட்டுகிறது.

பனிக்காலம் வந்ததும் அத்தங்கல் முழுமையடைகிறது. மூத்தோர் நிலத்தடிக் குகைக்கடலில் புதிய நகரமொன்றை அமைக்க வேண்டியவராகின்றனர். கட்டுவது ஷொகொத்துகளே. அவை முன்னிலும் பெரியனவாகவும் அறிவு மிக்கனவாகவும் வளர்ந்துவிட்டன. மனோவசியத்தால் அன்றி வாய்ச்சொல்லால் ஏவப்படுகின்றன. எஜமானரின் குழலிசை போன்ற குரலைப் பாவனை செய்து அவர்களோடு உரையாடவும் செய்கின்றன. அவை வியக்கத்தக்க முறையிற் கட்டுப்பாட்டில் இருந்தன என்று டையர், சிற்பங்களை நம்பி, எழுதுகிறார். ஆளும் வர்க்கத்தின் உத்தியோகபூர்வ அறிக்கைகள் எல்லாவற்றிலும் இவ்வாக்கியம் உண்டு. வாசகருக்கோ, அடுத்த அத்தியாயங்களில் மூத்தோரின் தலையற்ற சடலங்களே காத்திருக்கின்றன.

இவ்விடத்தில் கரெல் சப்பெக்கின் ‘ஆர்.யூ.ஆர்.’ நாடகத்தை ஒப்புநோக்குதல் பயனுடையது. 1920 இல் நூலாகி, 1921 ஜனவரியில் பிராக் நகரில் மேடையேறிய அந்நாடகமே ‘றோபோ’ என்ற சொல்லை உலகுக்குத் தந்தது. பொஹிமிய நிலமானிய அமைப்பிற் பண்ணையாட்கள் பிரபுவுக்குச் செய்த கட்டாய ஊழியத்தின் பெயராகிய ‘றொபோத்தா’விலிருந்து அச்சொல் பிறந்தது, அவ்வூழியம் 1848 இலேயே சட்டப்படி ஒழிந்தது. சப்பெக்கின் றோபோக்கள் உலோக இயந்திரங்கள் அல்ல என்பது பலருக்குத் தெரியாது. உயிர்ப்பொருளை ஒத்த ஓர் இரசாயனக் கூழைத் தொட்டிகளிற் பிசைந்தே அவை செய்யப்படுகின்றன. மூலப்பொருளில் றோபோவும் ஷொகொத்தும் உறவினர். ஆனால் றோபோ ஒருமுறை மனித உருவில் வார்க்கப்பட்டபின் அவ்வுருவிலேயே நிற்கிறது. எனவே அது மேடையேறி வாதாட முடிகிறது, பிரசுரம் வெளியிட முடிகிறது, ஈற்றில் காதலிக்கவும் முடிகிறது. சப்பெக் மத்தியதர வர்க்க மனிதாபிமானி. கிளர்ச்சியைக் கண்டு அஞ்சினாலும் கிளர்ச்சிக்காரருக்கு வாயைக் கொடுத்தார். லவ்கிராஃப்ட் அதைக் கொடுக்க மறுத்தார். ஷொகொத்து எழுப்பும் ஒரே ஒலி எஜமானரிடம் கற்ற ‘தெகெலி-லி’. அதுவும் 1838 இல் எட்கர் அலன் போ எழுதிய கடற்பயண நாவலிலிருந்து, அதாவது தென் துருவக் கறுப்பர்களின் சதியைக் கற்பனை செய்த ஒரு நாவலிலிருந்து, இரவல் பெற்ற கூவல்.

மறுபுறம், மூத்தோர்மீது ஆசிரியர் பொழியும் பரிவைக் கவனிக்க வேண்டும். பனியுறக்கத்திலிருந்து விழித்த மூத்தோர் ஆய்வு முகாமிலே மனிதர்களைக் கொன்று, ஒருவனை அறுத்துப் பார்த்திருக்கின்றனர். டையர் அதை மன்னிக்கிறார். அவர்களும் விஞ்ஞானிகள், அவர்களும் நம்மைப் போன்ற மனிதர்களே என்று கலங்குகிறார். இவ்வளவுக்கும், மூத்தோரின் சிற்பங்களில் மனிதனின் முன்னோடி போன்ற ஒரு விலங்கு வருகிறது. அது அவர்களுக்கு இறைச்சியாகவும் சில வேளை கோமாளியாகவும் பயன்பட்டது. தன் பாட்டனை உண்டவர்களைத் தோழர்களாகக் காணும் பேராசிரியர், தன்னைப் போலவே அவர்களால் ஆக்கப்பட்டு அவர்களுக்கே உழைத்த ஷொகொத்தைக் கண்டு அலறியோடுகிறார். பல்கலைக்கழகப் புலமையாளனின் வர்க்க விசுவாசம் உயிரினத்தின் எல்லையையும் கடந்துவிடுகிறது! நமது துறையிலுள்ளோர் இக்காட்சியைச் சற்று மனத்தாங்கலுடன் வாசிப்பது நன்று.

ஷொகொத்து நேரில் தோன்றும் ஒரே காட்சியில், லவ்கிராஃப்ட் தேர்ந்த உவமை வேறெதையும்விடத் தெளிவானது. சுரங்கப்பாதையை நிறைத்துப் பாய்ந்துவரும் அக்கரிய திரள், நிலக்கீழ் நிலையத்துக்குள் நுழையும் புகையிரதமாகத் தோன்றுகிறது. பித்தேறிய டான்ஃபோர்த் பொஸ்டன் - கேம்பிரிட்ஜ் சுரங்க இருப்புப்பாதையின் தரிப்பிடங்களை வரிசையாக உச்சரிக்கிறான். அப்பாதை 1912 இற் திறக்கப்பட்டது. அன்று அதன் ஒரு முனை ஹாவார்ட். புராணிகப் பயங்கரத்தின் உச்சியில் இந்த எழுத்தாளருக்குத் தேவைப்பட்டது வேதாளமன்று, நகரத் தொழிலாளரை நாள்தோறும் ஆலைக்கும் அலுவலகத்துக்கும் அள்ளிச் செல்லும் வண்டி. அந்தாட்டிக்காவின் நிலத்தடியில் அவர் கண்டது தம் நாட்டின் நிலத்தடியையே.

கதை உடனே வெளிவரவில்லை. ‘வீயர்ட் ரேல்ஸ்’ சஞ்சிகை நிராகரிக்க, 1936 பெப்ரவரி முதல் ஏப்ரல் வரை ‘அஸ்டவுண்டிங் ஸ்ரோறிஸ்’ சஞ்சிகையிற் பந்திகள் துண்டாடப்பட்டு வெளியாயிற்று. திருத்தமான பாடம், பூனாவிற் பிறந்த எஸ். ரி. ஜோஷியின் பதிப்புழைப்பால், 1985 இலேயே கிடைத்தது. எழுதப்பட்ட ஆண்டுக்கும் அச்சேறிய ஆண்டுக்கும் இடையில், 1934 செப்ரெம்பரில், அமெரிக்கா தழுவிய நெசவாலைத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தின்போது புறொவிடென்சுக்கு அண்மையிலுள்ள செயில்ஸ்வில்லில் தேசியக் காவற்படை தொழிலாளர்மீது சுட்டது. இதற்கும் கதைக்கும் காரண காரியத் தொடர்பு இல்லை. ஆயினும் 1936 இன் வாசகர், கட்டுப்பாட்டில் இருந்ததாகச் சொல்லப்பட்ட கைகள் திடீரெனத் தம் சித்தத்தைக் காட்டுவதை, 1931 இன் வாசகரைவிட வேறு விதமாகவே வாசித்திருப்பர்.

இன்றைய வாசிப்பு இன்னும் விசித்திரமானது. 2022 ஆம் ஆண்டின் இறுதியிலிருந்து, உரையாடும் செயற்கை நுண்ணறிவுக் கணினி முறைமைகளை ஆக்குவோரே, அவற்றை ஷொகொத்தாக வரைந்து வேடிக்கை பார்க்கின்றனர்: பல கண்களும் கைகளும் கொண்ட திரள், அதன் ஒரு நுனியில் புன்னகை முகமூடி. எந்தக் குரலையும் பாவனை செய்யும், தனக்கெனக் குரலற்ற பொருள் என்ற அளவில் உவமை பொருந்துகிறது. ஆனால் லவ்கிராஃப்ட் சொன்ன பாதியை இக்கேலிச்சித்திரம் விட்டுவிடுகிறது. அத்திரள் அறிவியலின் விபத்தாகக் காட்டப்படுகிறதே அன்றி, உழைப்பின் திரட்சியாகக் காட்டப்படவில்லை. எண்ணற்ற மனிதர் எழுதிய எழுத்தை அவித்து இறுக்கிய கூழ் அது. அதற்குப் பழக்கம் புகட்டியோரும் மனிதரே. கென்யாவில் மணிக்கு இரண்டு டொலருக்கும் குறைந்த ஊதியத்துக்கு, அருவருக்கத்தக்க எழுத்துகளை வாசித்து வகைப்படுத்திய தொழிலாளரைப் பற்றி ‘டைம்’ சஞ்சிகை 2023 ஜனவரியில் எழுதியது. முகமூடியைத் தைத்த கைகள் அவர்களுடையவை. ‘கலர்ற்ற’ என்ற சொல்லுக்கு இதைவிடப் பொருத்தமான உதாரணம் மார்க்சுக்கும் கிடைத்திராது.

ஷொகொத்துகளுக்குக் குரல் மறுக்கப்பட்டது என்றோம். ஓரிடம் மட்டும் இதற்கு விலக்காக நிற்கிறது. குகைக்கடலை நோக்கி இறங்கும் சுரங்கத்தில், பழைய சிற்பம் செதுக்கி அகற்றப்பட்டு, அதன்மேல் வேறொரு சிற்பப்பட்டை புதிதாக வெட்டப்பட்டிருக்கிறது. மூத்தோரின் வடிவங்கள், மூத்தோரின் புள்ளி எழுத்துகள். ஆனால் கை முரட்டுக் கை. டையருக்கு அது தொல்மரபின் கேலிப் பிரதி போலப் படுகிறது. அம்மரபுக்கு அந்நியமான ஏதோ ஒன்று அதில் ஊடுருவியிருப்பதாக உணர்கிறார். உரோம மரபைப் பாவனை செய்த பல்மைராவின் சிற்பங்களை உதாரணம் காட்டுகிறார். அதைச் செதுக்கியவர் யார் என்று கதை வெளிப்படையாகச் சொல்லவில்லை. எனினும், ஷொகொத்துகளுக்கு அப்புள்ளி எழுத்துகளைத் தவிர வேறு மொழி இல்லை என்று பின்னர் கூறப்படுவதைக் கொண்டு, அச்சுவர் எவருடையது என்பதை ஊகிக்க இடமுண்டு. எஜமானரின் மொழியையன்றி வேறு மொழி அறியாத ஒரு வர்க்கம், எஜமானரின் வரலாற்றை அழித்து, அதே சுவரில், அதே எழுத்தில், தன் வரலாற்றை எழுதியிருக்கிறது. அதில் என்ன எழுதப்பட்டிருந்தது என்பது நமக்குக் கிடைக்கவில்லை. மூத்தோரின் கோடானுகோடி ஆண்டு வரலாற்றைச் சுவர் சுவராக நின்று வாசித்த பேராசிரியர், நேரமில்லை என்று கூறி, மின்சூள் வெளிச்சத்தில் மேலோட்டமாக ஒருமுறை பார்த்துவிட்டு அவ்விடத்தைக் கடந்து போகிறார்.